புடாக்

மெக்காலிஸ்டர் சாலையில்
பல் மருத்துவருக்கு மேல்மாடி, ஏஜென்ட் ஆபீஸ்.
கோப்பைத் திருப்பினால் பக்கத்துக்கு ஒரு பெண்.
எல்லாருக்கும் அதே நீலச் சட்டை,
அதே சுவர், கைகள் தொடையை ஒட்டி.
உயரம் நூற்று ஐம்பத்தொன்று.
நாய்க்குப் பயமில்லை.
படுத்த நோயாளியைத் தூக்கிய பழக்கம், தைவானில் மூன்று வருடம்.
கோபம் வருமா என்ற கட்டத்தில்
யாரோ அவளுக்காகக் கோடு கிழித்திருந்தார்கள்.

"மூணு மாசம் கேரண்டி. ஓடிப்போனா வேற ஆள்.
பாஸ்போர்ட்ட நீங்க வச்சுக்குங்க, எல்லாரும் அப்படித்தான்."
அதே மாதம் வாங்கிய குளிர்பெட்டிக்கு
ஐந்து வருடம் கொடுத்திருந்தார்கள்.
சொல்லிச் சிரித்தேன். லியோங்கும் சிரித்தார்.
கையெழுத்துப் போட்டேன்.

புளோரெஸ் தீவிலிருந்து வந்தாள் யுஸ்தினா.
ஜெலுத்தோங் அடுக்குமாடியில் லிப்ட் பத்தில் நின்றுவிடும்.
பதினொன்றுக்குப் பெட்டியைத் தலையில் வைத்து ஏறினாள்.

சின்னண்ணன் முப்பத்திரண்டு வருடம்
பட்டர்வொர்த் துறைமுகத்தில் கயிறு கட்டியவர்.
தனக்கென்று குடும்பம் வைத்துக்கொள்ளாமல்
என் பிள்ளைகள் இருவருக்கும் பள்ளிச் செலவு பார்த்தவர்.
பக்கவாதம் வந்து
வலக்கையோடு தமிழையும் எடுத்துக்கொண்டு போனது.
விட்டுவைத்தது நாலு மலாய்ச் சொல்.
மரி என்றால் வா.
ஆயர் என்றால் தண்ணீர்.
சுடா என்றால் போதும்.
அப்புறம், புடாக்.

துண்டு நழுவினால் புடாக்.
கஞ்சி ஆறினால் புடாக்.
மழை தெரிந்தால், சும்மா காட்டுவதற்கு, புடாக்.
குழந்தை என்று கூப்பிடுகிறார்,
முப்பத்தெட்டு வயதுக்காரியை.
எனக்கு எரிந்தது.
பாயான் லெப்பாஸில் இரவு ஷிப்ட் முடித்து
மாஸ்க் தடம் மாறாத முகத்தோடு குனிந்து நிற்பேன்.
பாக்கியம் என்ற மூன்றரை எழுத்து
அவர் வாயில் எங்குமே இல்லை.

ஏழாம் மாதம், ஒரு ஞாயிறு.
அவருக்குக் கால் நகம் வெட்டியபடி, தலை நிமிராமல் சொன்னாள்:
"அக்கா, எங்க பக்கம் புடாக் என்றால் குழந்தை இல்லை.
விலைக்கு வாங்கிய ஆள்.
முதல் வாரம் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன்.
அப்புறம் கீழ்வீட்டு அம்மா
தன் பேரனைப் புடாக் என்று கூப்பிட்டுச் சோறூட்டினார்.
ஓ, என்று தெரிந்துகொண்டேன்.
ஆனாலும் காது இருக்கிறதே,
அது முதலில் எங்க ஊருக்குப் போய்விட்டுத்தான்
இங்கே வருகிறது."

நகவெட்டி டிக் என்றது.
அண்ணன் தன் பெருவிரலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

என் அலமாரியில்
தாலிக்கொடிப் பெட்டிக்கும் மரண உதவிச் சங்கத்து ரசீதுக்கும் நடுவே
அவளுடைய பச்சைப் புத்தகம்.

அன்றே கொடுத்தேன் என்று சொன்னால் பொய்.
செவ்வாய் வரை கணக்குப் போட்டேன்:
பதினெட்டாயிரம் வெள்ளி,
இன்னும் பதினேழு மாதம்,
அண்ணனைத் திருப்பிப் போட வேண்டிய முதுகு,
என் முதுகு.
புதன்கிழமை கொடுத்தேன்.
படத்தைப் பார்த்து,
"அப்போ குண்டா இருந்திருக்கேன்" என்றாள்.
பையில் வைக்கவில்லை.
குளிர்பெட்டி மேல், ஆஸ்பத்திரி அட்டையோடு சேர்த்து வைத்தாள்.

இரவு முழுக்க கிரில் கதவிலேயே என் காது.
மூன்று மணிக்கு எழுந்து
இருட்டில் குளிர்பெட்டியின் தலையைத் தடவினேன்.
இருந்தது.
தண்ணீர் எடுக்க வந்தவள்போலக் கதவைத் திறந்தேன்.
அந்த வெளிச்சத்தில்
அண்ணனின் நனைந்த விரிப்பைச் சுருட்டி அணைத்தபடி
அவள் நின்றிருந்தாள்.
எவ்வளவு நேரமாக என்று தெரியவில்லை.
மோட்டார் மட்டும் உறுமிக்கொண்டிருந்தது.

உள்ளேயிருந்து குரல்:
புடாக்.

அவள் கை நிறைய ஈரம்.
நான் போனேன்.